பதினேழாம் காட்சி, மேற்படி

அந்த அட்டையில் அந்த ஒரு வார்த்தையை எழுதியபோது நான் எதைப் பார்த்துக்கொண்டிருந்தேன் என்பது எனக்கு நிச்சயமாகத் தெரியவில்லை. கையெழுத்து என்னுடையதுதான். 'டி'யின் சுழியை மேல்வரி வரைக்கும் இழுத்துவிடும் கெட்ட பழக்கம் அந்த அலுவலகத்தில் வேறு யாருக்கும் இல்லை. ஆனால் திரையில் அந்த மனிதர் செய்ததை அன்றைக்கே முழுசாகப் பார்த்தேனா, பார்த்தும் அப்படி எழுதினேனா, அல்லது இருபத்திரண்டு வருஷம் கழித்துப் பார்த்ததை இப்போது பின்னால் கொண்டுபோய் அங்கே ஒட்டிக்கொள்கிறேனா? மற்றவர்கள் எடுத்த படங்களுக்கு நாளும் இடமும் சொல்வதுதான் என் பிழைப்பு. என் சொந்த ஞாபகத்துக்கு நாள் குறிக்க எனக்கு வரவில்லை. கோபம் வருகிறது. அது மட்டும் நிச்சயம்.

என் தங்கையின் கணவர் ஆவணப்படம் எடுக்கிறவர். அவருடைய கம்பெனியில் பழைய காட்சிகளைத் தேடிக் கொடுப்பது என் வேலை. அந்தக் காலத்து ரயில் நிலையம் வேண்டும், கூட்டமாக, காலை வெளிச்சத்தில் என்பார்கள். எடுத்துக் கொடுப்பேன். கம்பெனியின் பின்பக்கம் ஜன்னல் இல்லாத ஒரு நீள அறை. மூடிப்போன ஒரு செய்தி நிறுவனத்திடமிருந்து வந்த நாலாயிரம் டேப்புகள் அங்கே இரும்பு அடுக்குகளில் நிற்கின்றன. காற்றின் ஈரத்தை உறிஞ்சும் இயந்திரம் ஒன்று மூலையில் உறுமிக்கொண்டே இருக்கும். வேறு சத்தம் கிடையாது. அந்த அறை எனக்குப் பிடித்துப்போனதே அதனால்தான். நான் அதிகம் பேசுகிறவன் இல்லை. எடிட்டர் எனக்கு முனிவர் என்று பெயர் வைத்திருந்தான். அவனுக்கு நாங்கள் வைத்த பெயர் கத்திரி.

டேப்புகள் வந்த புதிதில் ஒவ்வொன்றுக்கும் ஓர் அட்டை எழுதினேன். ஒரு காட்சிக்கு ஒரு வரி. காட்சியின் எண், எத்தனை விநாடி, என்ன தெரிகிறது. அடுத்தடுத்த காட்சிகளில் ஒரே விஷயம் தொடர்ந்தால் திரும்ப எழுத மாட்டோம். 'மேற்படி' என்று போட்டுவிட்டுப் போவோம். ஒரு நாளைக்குப் பன்னிரண்டு டேப் முடிக்க வேண்டும். மேற்படி இல்லாவிட்டால் விரல் ஒடிந்துவிடும். பிற்பாடு அட்டைகளைக் கணினியில் ஏற்றினார்கள். மேற்படி என்று தேடினால் ஒன்றும் அகப்படாது என்பதால், ஏற்றியவர்கள் ஒவ்வொரு மேற்படியையும் அழித்துவிட்டு மேல்வரியை முழுசாக நிரப்பிவிட்டார்கள். அட்டையில் ஒரு சோம்பலாக இருந்தது கணினியில் ஒரு தீர்ப்பாகிவிட்டது.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். அட்டை எழுதும்போது நான் சத்தத்தை அணைத்துவிடுவேன். காற்றிரைச்சலும் கூச்சலும் யாருக்கு வேண்டும், படம்தானே வேண்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

பெருவெள்ளத்து டேப்பில் பதினான்காம் காட்சிக்கு நேராக 'கும்பல் கடையை உடைத்துக் கொள்ளையடிக்கிறது' என்று எழுதியிருக்கிறேன். பதினைந்து, மேற்படி. பதினாறு, மேற்படி. பதினேழு, மேற்படி.

அந்தப் பதினேழாம் காட்சி பெயர்பெற்றது. முழங்கால் அளவு தண்ணீர். இரண்டு பக்கமும் கடைகள். தலையில் ஒரு வெள்ளைப் பெட்டியை வைத்துக்கொண்டு ஒரு மனிதர் ஓடுகிறார். ஒரே ஒருமுறை கேமராவைத் திரும்பிப் பார்க்கிறார், கையும் களவுமாகப் பிடிபட்டவர் பார்ப்பது மாதிரி. ஏழு விநாடி. வெள்ளத்தைப் பற்றி யார் எது எடுத்தாலும் அந்த ஏழு விநாடி அதில் உண்டு. ஐந்து சானல்கள் எங்களிடமிருந்து அதை வாங்கிப் போயிருந்தன. வருஷாவருஷம் வெள்ளம் வந்த நாளில் செய்தியில் போடுவார்கள். நானே எத்தனையோ பேருக்குச் சிபாரிசு செய்திருக்கிறேன். "கொள்ளைக்கு நம்மகிட்ட அருமையான ஷாட் ஒண்ணு இருக்கு" என்று.

மாப்பிள்ளையின் புதிய வெள்ளப் படம் ஒளிபரப்பாக இரண்டு வாரம் இருக்கும்போது, ஒரு திங்கட்கிழமை காலை, நாற்பதை நெருங்கும் ஒரு பெண் என் அறை வாசலில் வந்து நின்றாள்.

"பழைய படமெல்லாம் எடுத்துக் குடுக்கிறவர் நீங்கதானா சார்?"

"ஆமாம்."

கைபேசியை மேஜைமேல் வைத்தாள். எங்கள் படத்தின் முன்னோட்டம் ஓடியது. வெள்ளைப் பெட்டி, ஓட்டம், அந்தத் திரும்பிப் பார்த்தல். பின்னணியில் மாப்பிள்ளையின் கம்பீரமான குரல்: 'வெள்ளம் வடிவதற்குள் மனிதம் வடிந்துவிட்டது.'

"இது எங்கப்பா" என்றாள்.

விரலால் படத்தைப் பின்னுக்கு இழுத்து அந்த முகத்தில் நிறுத்தினாள்.

"அந்த மருந்துக்கடையிலதான் சார் வேலை பார்த்தாரு. ஆஸ்பத்திரியில இன்சுலின் தீர்ந்துபோச்சுன்னு ஆள் அனுப்பியிருந்தாங்க. ஐஸ் வச்ச பெட்டி அது. அதைத்தான் தூக்கிட்டு ஓடுறாரு. முதல் தடவை டிவியில வந்தப்போ எனக்குப் பதினாறு வயசு. எல்லாரும் உக்காந்து பார்த்துட்டிருந்தோம். அப்பா எழுந்துபோய் மூஞ்சி கழுவிட்டு வந்தாரு."

"கடை முதலாளி சொல்லியிருக்கலாமே?"

"அவரு இருந்த வரைக்கும் எல்லார்கிட்டயும் சொல்லிச் சிரிப்பாரு, என் ஆளைத் திருடனாக்கிட்டாங்கய்யான்னு. அவரு போனப்புறம் கடையை வேற ஒருத்தர் வாங்கினாரு. ஒரு நாள் டிவியில பார்த்திருக்காரு. மறுநாள் அப்பாவை வர வேண்டாம்னுட்டாரு. அதுலேர்ந்து அந்த மாசம் வந்தாலே அப்பா படி இறங்க மாட்டாரு. முப்பது நாளும் வீட்டுக்குள்ளயே." கைபேசியைத் திரும்ப எடுத்துக்கொண்டாள். "எடுத்துடுங்க சார். வேற ஒண்ணும் கேக்கல."

"டேப்பைப் பார்த்துட்டுச் சொல்றேம்மா" என்றேன். எல்லோரிடமும் சொல்கிற பதில். அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "அப்ப இத்தனை வருஷமா பார்க்காமதான் போட்டீங்களா?" என்று கேட்டுவிட்டுப் போனாள்.

அன்றைக்கு மூல டேப்பை இறக்கினேன். கணினியில் இருப்பது யாரோ வெட்டி ஏற்றிய ஏழு விநாடித் துண்டுதான். டேப்பில் பதினேழாம் காட்சி முப்பத்தொன்பது விநாடி. நான் எழுதிய அட்டையிலும் முப்பத்தொன்பது என்றே இருக்கிறது. சத்தத்தைத் திறந்துவிட்டு ஓட்டினேன்.

அந்த மனிதர் எங்களுக்கு முதுகு காட்டி நிற்கிறார். கடையின் ஷட்டரை இரண்டு கையாலும் இழுத்து இறக்குகிறார். தண்ணீருக்குள் குனிந்து, தடவிப் பார்த்து, பூட்டுப் போடுகிறார். சாவியைச் சட்டைப் பையில் போட்டுக்கொள்கிறார். பூட்டை ஒருமுறை இழுத்துப் பார்க்கிறார். பிறகு பக்கத்துத் திண்டின் மேலிருந்து பெட்டியை எடுத்துத் தலையில் ஏற்றுகிறார். கேமராவைப் பார்த்துத் திரும்புகிறார்.

"சார், உங்க வண்டியில ஆஸ்பத்திரி வரைக்கும் விட்டுடுறீங்களா? மருந்து சார்."

கேமராவுக்குப் பின்னாலிருந்து ஒரு குரல்: "யோவ், கேமராவைப் பார்க்காத. ஓடு."

அவர் ஓடுகிறார். ஓடிக்கொண்டே ஒருமுறை திரும்பிப் பார்க்கிறார், வண்டி வருமா என்று.

கொள்ளையடிக்க வந்தவன் கடையைப் பூட்டிவிட்டா போவான்? பூட்டை இழுத்தும் பார்ப்பானா? ஒரு சின்னப் பிள்ளைக்குக் காட்டினால் சொல்லும். முப்பத்தொன்பது என்று விநாடியைச் சரியாக எழுதியவன் முப்பத்தொன்பது விநாடியும் திரையைத்தானே பார்த்திருக்க வேண்டும்? அல்லது எண் மாறுவதை மட்டும் பார்த்தேனா? கை தானாக எழுதியதா? சத்தம் இருந்திருந்தால் அந்த 'மருந்து சார்' காதில் விழுந்திருக்கும். எனக்கு அமைதி வேண்டியிருந்தது. என் அமைதிக்காக அந்த மனிதரின் வாயை அடைத்திருக்கிறேன்.

டேப்பின் பிரதியோடு எடிட்டிங் அறைக்குப் போனேன். மாப்பிள்ளை சோபாவில் காலை நீட்டிக்கொண்டு டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"மாப்ளே, பதினேழாம் ஷாட்டை எடுக்கணும்."

கத்திரி நாற்காலியைச் சுழற்றிக்கொண்டு திரும்பினான். "முனிவர் வாயைத் திறந்துட்டாருப்பா. இன்னொரு வெள்ளம் வரப்போகுது."

"இதைப் போடு" என்றேன்.

போட்டான். பூட்டை இழுத்துப் பார்த்த இடத்தில் அவன் சிரிப்பு நின்றது. ஓடு என்ற குரல் வந்ததும் மாப்பிள்ளை டீக் கோப்பையைக் கீழே வைத்தார்.

"நல்ல மனுஷன்" என்றார். "ஆனா மச்சான், இதை நான் எங்க வைக்கிறது? படத்துல இது மனுஷன் எப்படிக் கெட்டுப்போறான்னு காட்டுற இடம். இவரு பாட்டுக்குப் பூட்டிட்டுப் போனா நான் சொல்ல வந்தது என்ன ஆகுறது?"

"பொய்யாகும்."

"எப்படிப் பொய்யாகும்? அன்னைக்குக் கொள்ளை நடந்துச்சா இல்லையா? பதினாலாம் ஷாட்டைப் பாருங்க."

"அப்ப பதினாலைப் போடுங்க."

"அதுல எல்லாம் முதுகு மச்சான். மூஞ்சி வேணும். மூஞ்சியைப் பார்க்காம யாருக்குக் கோபம் வரும்?"

"எனக்கு வருது."

அவர் சிரித்தார். அந்தச் சிரிப்பில்தான் என் தங்கை விழுந்தாள், சானல்காரர்களும் விழுவார்கள். "சரி, மூஞ்சியை மங்கலாக்கிடலாம். திருப்தியா?"

"மங்கலாக்கினா இன்னும் அசல் திருடனாத் தெரிவாரு சார்" என்றான் கத்திரி, திரையைப் பார்த்தபடியே.

"உன்னைக் கேட்டேனா?" என்றார். என் பக்கம் திரும்பியபோது அவர் முகத்தில் சிரிப்பு இல்லை. எழுந்துபோய் என் அறையிலிருந்து அட்டைப் பெட்டியையே தூக்கிவந்தார். தேடி அந்த அட்டையை உருவி என் மூக்குக்கு நேரே நீட்டினார்.

"பதினேழுக்கு நேரா என்ன எழுதியிருக்கு? படிங்க."

நான் படிக்கவில்லை.

"நான் படிக்கிறேன். மேற்படி. யாரு எழுதினது? நானா? கத்திரியா? நீங்க எழுதிக் குடுத்ததைத்தான் மச்சான் நான் இத்தனை வருஷமாக் காட்டினேன். இன்னைக்கு வந்து என்னைப் பொய்யன்ங்கிறீங்க. அஞ்சு சானலுக்கும் போன் போட்டு, எங்க ஆள் கண்ணை மூடிக்கிட்டு எழுதினாருன்னு சொல்லட்டுமா? அப்புறம் இந்த நாலாயிரம் டேப்புல எதை நம்புவாங்க?"

அவர் சொன்னதில் தப்பே இல்லை. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. ஒரு அயோக்கியனின் வாயிலிருந்து அயோக்கியத்தனம் வந்தால் திட்டிவிட்டுப் போகலாம். அவர் வாயிலிருந்து வந்தது என் உண்மை. அட்டையைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டு, கதவை அறைந்து சாத்திவிட்டு வந்தேன். அந்த வீட்டில் நான் சத்தம் எழுப்பியது அதுதான் முதல் தடவை.

வீடு என்கிறேன், கம்பெனி கீழே, தங்கை குடும்பம் மாடியில். மதியச் சாப்பாடு எனக்கு அங்கேதான். நான் உட்கார்வதற்கு முன்பே விஷயம் மாடி ஏறியிருந்தது. தங்கை தட்டை என் முன்னால் வைத்தாள், வைத்த விதத்தில் பக்கத்து டம்ளரில் தண்ணீர் தளும்பியது.

"வாழ்நாள் முழுக்க வாயைத் திறக்காத மனுஷன் இப்பதான் திறக்கணுமாண்ணா?"

"அந்த ஆளைத் திருடன்னு காட்டுறோம்மா."

"யாரோ ஒருத்தருக்காக இவரை விட்டுக்குடுப்பியா? யாருமே உன்னை வச்சுக்காதப்ப வேலை போட்டுக் குடுத்தவரு. உன்னைப் பத்தி ஒரு சொல் சொல்ல விடுவாரா? நம்ம அம்மாவை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடினது யாரு?"

"இவருதான்."

"அதை யாராவது படம் எடுத்துத் திருடன்னு போட்டாங்களா?" என்று கேட்டவள், தான் என்ன கேட்டோம் என்று புரிந்து பாதியில் நிறுத்தினாள். கரண்டியைப் பாத்திரத்திலேயே போட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள். நான் வெறும் தட்டின் முன்னால் உட்கார்ந்திருந்துவிட்டுக் கைகழுவினேன்.

மறுநாள் காலை, பதில் கேட்டு வந்த அந்தப் பெண்ணோடு அவர்கள் வீட்டுக்குப் போனேன். மூன்றாவது மாடி. ஹாலில் ஒரு மேஜை, அதைச் சுற்றி மூன்று பேர் கையில் மருந்துச் சீட்டோடு நின்றுகொண்டிருந்தார்கள். டாக்டர் எழுதியது புரியாதவர்கள் அந்தக் கட்டடத்தில் அவரிடம்தான் வருவார்களாம். ஒல்லியான மனிதர். ஒவ்வொரு சீட்டையும் வெளிச்சத்தில் பிடித்துப் படித்து, சாப்பாட்டுக்கு முன்னா பின்னா என்று பெரிய எழுத்தில் எழுதிக் கொடுத்தார். அவர்கள் போகும்வரை நான் நின்றேன்.

"அப்பா, இவருதான்" என்றாள்.

கணினியைத் திறந்து முப்பத்தொன்பது விநாடியையும் ஓட்டிக் காட்டினேன். ஷட்டர், பூட்டு, சாவி, குரல். அவர் முகம் மாறும் என்று எதிர்பார்த்தேன். ஒரு நன்றி, ஒரு கண்ணீர், ஏதாவது. வெட்கத்தோடு சொல்கிறேன், எதிர்பார்த்தேன்.

"இதை எதுக்கு எனக்குக் காட்டுறீங்க?" என்றார்.

"நீங்க பூட்டினது இதுல தெளிவா..."

"நான் பூட்டினது எனக்குத் தெரியும்யா!" மேஜையில் கையால் அடித்தார். பேனா உருண்டு விழுந்தது. "இருபத்திரண்டு வருஷமாத் தெரியும். ரெண்டு தடவை இழுத்துப் பார்த்தேன், நீங்க ஒரு தடவைதான் காட்டுறீங்க. என்னைத் திருடன்னு யார்கிட்ட சொன்னீங்களோ அவங்களுக்குப் போய்க் காட்டுங்க. இங்க என்ன வேலை உங்களுக்கு?"

மகள் "அப்பா" என்றாள்.

"நீ சும்மா இரும்மா. ஆஸ்பத்திரிக்கு நடந்தே போய்ச் சேர்ந்தேன். ஐஸ் உருகல. அதைக் கேக்க ஒருத்தன் வரல. படம் காட்ட வந்துட்டாங்க."

நான் சட்டைப் பையிலிருந்து அட்டையை எடுத்து அவர் முன்னால் வைத்தேன். "இதை எழுதினது நான்தான்" என்றேன்.

அவர் அதை எடுத்து, மருந்துச் சீட்டைப் பிடிப்பது போலவே வெளிச்சத்தில் பிடித்து, பதினான்கிலிருந்து பதினேழு வரைக்கும் படித்தார். நேரம் ஓடியது. எனக்கு மௌனம் பழக்கம். அந்த மௌனத்தை மட்டும் என்னால் தாங்க முடியவில்லை.

"எவ்வளவோ டாக்டருங்க கோழிக் கிறுக்கலா எழுதுவாங்க" என்றார். "அதனால ரெண்டு தடவை படிப்போம். உங்க கையெழுத்து அழகா இருக்கு. அதான் எல்லாரும் நம்பிட்டாங்க."

அட்டையைத் திருப்பித் தந்தார். உட்காரச் சொல்லவில்லை.

பழைய காட்சிகளைப் பயன்படுத்தும் எந்தப் படத்துக்கும் சானல் ஒரு படிவம் கேட்கும். ஒவ்வொரு காட்சியிலும் இருப்பது என்ன, எங்கே, எப்போது என்று எழுதி, இவை உண்மை என்று தேடிக் கொடுத்தவன் கையெழுத்துப் போட வேண்டும். அது இல்லாமல் ஒளிபரப்ப மாட்டார்கள். அந்தக் கையெழுத்து என்னுடையது. வழக்கமாகக் கணினியிலிருந்து அப்படியே இறக்கி, கீழே பெயர் போட்டு, சானலில் சரிபார்க்கும் அம்மாளுக்கு நேராக அனுப்பிவிடுவேன். ஒரு படிவத்தைக்கூட யாரும் முழுசாகப் படித்ததாக எனக்குத் தெரியாது.

அன்று மதியம் அறைக்கு வந்து படிவத்தைக் கையாலேயே எழுதினேன். பதினேழாம் காட்சியின் கட்டத்தில் இடம் போதவில்லை, ஓரத்தில் தொடர்ந்தேன். 'மருந்துக்கடை ஊழியர், கடையைப் பத்திரமாகப் பூட்டிவிட்டு, மருத்துவமனைக்கு இன்சுலின் எடுத்துச் செல்கிறார். படம்பிடித்தவர்களிடம் வண்டி கேட்கிறார்; அவர்கள் தரவில்லை. இது கொள்ளை அல்ல. கொள்ளை என்று பதிவுசெய்தது என் தவறு. இந்தக் காட்சி இந்தப் படத்தில் பொய்யாகப் பயன்படுத்தப்பட்டிருக்கிறது.' கையெழுத்துப் போட்டேன். முப்பத்தொன்பது விநாடியையும் சேர்த்து அனுப்பினேன். அதே வாசகத்தை அந்த ஐந்து சானல்களுக்கும் அனுப்பினேன். அட்டையே கிழியும்படி அந்த 'மேற்படி'யைப் பேனாவால் அடித்தேன்.

ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை. மாப்பிள்ளை கைபேசியோடு வாசலில் நின்றார்.

"அந்தச் சானல் அம்மா கூப்பிட்டாங்க. என்ன பண்ணித் தொலைச்சிருக்கீங்க?"

"பார்த்ததை எழுதினேன்."

"என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?"

"நேத்து சொன்னேன். மூஞ்சி வேணும்னீங்க."

அவர் அடுக்குகளை ஒருமுறை பார்த்தார். "சாவியைக் குடுங்க" என்றார். கொடுத்தேன். கதவைச் சாத்திப் பூட்டினார். பூட்டை இழுத்துப் பார்க்கவில்லை. நான் இழுத்துப் பார்த்துவிட்டு வந்தேன்.

படம் சொன்ன நாளில் ஒளிபரப்பானது. அந்த ஏழு விநாடிக்கு வெறும் தண்ணீரைப் போட்டு நிரப்பியிருந்தார்கள். அந்தக் காட்சி இல்லாமல் படமே நிற்காது என்றார்கள். இல்லாததை ஒருவரும் கவனிக்கவில்லை. படம் பரிசு வாங்கியது. மாப்பிள்ளை இப்போது வேறொரு படம் எடுத்துக்கொண்டிருக்கிறார். தங்கை என்னோடு பேசுவதில்லை. அம்மாவுக்கு உடம்பு சரியில்லாமல் போனால் மட்டும் ஒரு வரி அனுப்புகிறாள். கத்திரி எங்கேயாவது அந்தக் காட்சி தென்பட்டால் எனக்குத் தெரியப்படுத்துகிறான். நான் ஒரு கல்லூரி நூலகத்தில் பழைய ஒலிநாடாக்களுக்கு அட்டை எழுதுகிறேன். ஒவ்வொரு வரியையும் முழுசாக எழுதுகிறேன். ஒரு நாளைக்கு மூன்றுக்கு மேல் முடிவதில்லை. மருந்துப் பெட்டி சுமந்தவர் அடுத்த வருஷம் வெள்ள மாதத்தில் ஒரு நாள் தெருமுனை வரை போய்வந்ததாக மகள் சொன்னாள். அதற்கடுத்த வருஷம் இறந்துபோனார். என்னை மன்னித்தாரா என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. நான்கு சானல்கள் காட்சியை நீக்கிவிட்டன. ஐந்தாவது சானலுக்கு ஒவ்வொரு மாதமும் கடிதம் எழுதுகிறேன். இதுவரை பதில் இல்லை.